என் மகன் வாங்கிய தலைக்காய்

எங்கள் குலத்தில் மீசை வந்துவிட்டால் மட்டும் ஒருவன் ஆம்பளை ஆகிவிட மாட்டான். குலசாமி முன்னால் அவன் தலையில் தேங்காய் உடைய வேண்டும். ஆடி மாதத்தில் சாமிப்பெட்டியை ஆற்றுக்குக் கொண்டுபோய்க் குளிப்பாட்டி, மேளத்தோடு திரும்பக் கொண்டுவந்து கோயில் முன்னால் இறக்குவார்கள். தலைக்காய் வாங்குகிறவர்கள் ஈர வேட்டியோடு வெறும் தரையில் வரிசையாகச் சம்மணம் போட்டு உட்காருவார்கள். பூசாரி அருள் வந்து ஆடிக்கொண்டே வந்து, ஒவ்வொருவன் மடியிலிருந்தும் காயை எடுத்து, இரண்டு கையாலும் ஓங்கி உச்சந்தலையில் அடிப்பார். காய் உடைந்தால் சாமி அவனை ஏற்றுக்கொண்டது என்று அர்த்தம். உடையவில்லை என்றால் இன்னொரு அடி விழும். உடையாமல் எழுந்திருக்கக் கூடாது. ரத்தம் வந்தால் மஞ்சளை அள்ளி அப்புவார்கள். இப்போது வெளியூர்க்காரர்கள் காரில் வந்து போனில் படம் பிடித்துக்கொண்டு போகிறார்கள்.

அந்தக் காயை அவனைப் பெற்றவள்தான் பார்த்து எடுக்க வேண்டும். குவியலில் ஒவ்வொன்றாக எடுத்துக் காதோரம் ஆட்டிப் பார்த்து, தண்ணி நன்றாகக் குலுங்குகிற முற்றின காயாகப் பொறுக்கி, குடுமியைப் பிய்த்து, மஞ்சள் பூசி, மகன் மடியில் வைக்க வேண்டும். முற்றின காய் ஒரே அடியில் உடையும். இளங்காயின் ஓடு லேசில் உடையாது, வழுக்கி எகிறும், அடிதான் கூடும். என் சின்ன மகனுக்கு நான் எடுத்துக் கொடுத்த காய் ஒரே அடியில் இரண்டாகப் போனது. அவன் எழுந்து தலையைத் துடைத்துக்கொண்டு சோறு எங்கே என்று கேட்டான்.

பெரியவனுக்கு அப்படி அமையவில்லை. வாங்க வேண்டிய வயசில் அவன் பெங்களூரில் கட்டிட வேலையில் இருந்தான். ஆடிக்கு வா என்று சொல்லி அனுப்பினால், மேஸ்திரி விடமாட்டேன் என்கிறார் என்று பதில் வரும். அப்புறம் பங்காளிகளுக்குள் பெட்டியை யார் வைத்துக்கொள்வது என்று தகராறு வந்து, பல வருஷம் பெட்டியைத் திறக்கவே இல்லை. அதற்குள் அவனுக்குக் கல்யாணம் ஆகி, ஒரு பெண் பிறந்து, அவளும் வளர்ந்துவிட்டாள்.

தலைக்காய் வாங்காதவன் கல்யாணம் செய்துகொள்ளலாம், அதற்குத் தடை இல்லை. ஆனால் சடங்கில் எதையும் தன் கையால் கொடுக்கிற பாத்தியதை அவனுக்குக் கிடையாது. என் வீட்டுக்காரர் செத்தபோது குழியில் முதல் பிடி மண்ணைச் சின்னவன்தான் போட்டான். பெரியவன் வரிசையில் பின்னால் நின்றான். அன்றைக்கு அவன் அழவில்லை. குழி மூடினதற்கு அப்புறமும் நெடுநேரம் கையில் ஒரு பிடி மண்ணை வைத்துக்கொண்டே நின்றதைப் பார்த்தேன்.

அவனுக்குத் தலையில் அடிபட்டது பெங்களூரில். சாரம் சரிந்து மேலிருந்து விழுந்துவிட்டான். மண்டையைத் திறந்து ரத்தக்கட்டை எடுத்து, எலும்பைத் தகடு வைத்துத் திருகி மூடினார்கள். பிழைத்தான். ஊருக்கு அனுப்பும்போது டாக்டர் என் மருமகளிடம் சொன்ன பேச்சு இது: "தலையில சின்ன அடி கூடப் படக்கூடாதும்மா. பைக்ல பின்னாடி உட்கார்ந்து போனாக்கூட ஹெல்மெட் போடணும்." அவளும் ஒரு ஹெல்மெட் வாங்கிவந்தாள். அவன் பாலக்கோடு மண்டியில் தக்காளி தரம் பிரிக்கிற வேலைக்குப் போனான். பழம் ஒரு பக்கம், செங்காய் ஒரு பக்கம், காய் ஒரு பக்கம். நிழலில் உட்கார்ந்து செய்கிற வேலை.

அப்போதுதான் பேத்திக்கு மாப்பிள்ளை வந்தது. காரிமங்கலம் பக்கம், எங்களுக்கு மாமன் மச்சான் முறை ஆகிற குடும்பம். பெண்ணைப் பிடித்துவிட்டது. ஆவணியில் கல்யாணம் என்று பேசினார்கள். வெற்றிலை மாற்றுகிற நேரத்தில் சம்பந்தி மெதுவாகக் கேட்டார்.

"தாரை வாக்குறது யாருங்க? பொண்ணோட அப்பா இன்னும் தலைக்காய் வாங்கலைன்னு கேள்விப்பட்டோம்."

சின்னவன் சட்டென்று, "நான் வாக்குறனுங்க. எங்கண்ணன் பொண்ணு என் பொண்ணு மாதிரிதானுங்க" என்றான்.

சம்பந்தி சரி என்றுவிட்டார். எல்லாம் அதோடு முடிந்திருக்கும். பெரியவன் தட்டிலிருந்த வெற்றிலையைப் பார்த்துக்கொண்டே, "இந்த ஆடிக்குப் பெட்டி தொறக்கறாங்க. நான் வாங்கிடறன்" என்றான்.

பங்காளிகள் ராசியாகி அந்த வருஷம்தான் பெட்டி திறப்பதாக இருந்தது. அவர்கள் ராசியானதற்காக அதற்கு முன் சந்தோஷப்பட்டவர்களில் நானும் ஒருத்தி.

வந்தவர்கள் போனதும் மருமகள் ஆரம்பித்தாள். "உங்களுக்கு என்னா பைத்தியமா? தகடு வச்சித் திருகிக் கீது. அதும்மேல தேங்காய ஒடப்பாங்களா?"

"ஊர்ல எத்தினி பேரு வாங்குறான். சாமி பாத்துக்கும்."

"சாமி டாக்டருக்குப் படிச்சிச்சா?"

"ஏய், வாய மூடு. என் பொண்ண என் கையால குடுக்கணும். எங்கப்பனுக்கு மண்ணு போட எனக்கு நாதியில்ல. இதுக்கும் தம்பி கையப் பாத்துக்கினு நிக்கவா?"

பேத்தி குறுக்கே வந்து, "அப்பா, எனக்குக் கல்யாணமே வேணாம்ப்பா" என்றாள். அவன் அவளைப் பார்த்துச் சிரித்தான். "நீ போயி டீ போடு. கல்யாணம் வேணாமாம். போன்ல சிரிச்சிச் சிரிச்சிப் பேசறது யாராம்?" என்றான். அவள் முகம் சிவந்து உள்ளே போய்விட்டாள்.

எனக்கு நாலு பேர் முன்னால் பேச்சு வராது. வீட்டுக்குள்ளேயே குரல் எழும்பாதவள் நான். எங்கள் வீட்டில் கன்னடமும் தமிழும் கலந்து பேசுவோம், அம்மாவை அவ்வா என்று கூப்பிடுவோம். தனியாக இருக்கும்போது அவனிடம் கேட்டேன். "நான் காய் எடுத்துக் குடுக்கலைன்னா என்னா பண்ணுவ?"

அவன் கோபப்படவில்லை. "அவ்வா, நீ குடுக்கலைன்னா வெறும் மடியோட போயி உட்காருவன். எல்லாரும் பாப்பாங்க. பெத்தவ இருக்க, காயில்லாம உட்கார்ந்திருக்கான்னு சிரிப்பாங்க. அது உனக்குப் பரவால்லையா?" என்றான்.

நான் போய்க் காய் எடுத்தேன். குவியலில் பாதியை ஆட்டிப் பார்த்திருப்பேன். நல்ல முற்றின காயாக, ஓடு கறுத்து, தண்ணி குலுங்குகிறதாக ஒன்று கிடைத்தது. வீட்டுக்கு எடுத்துவந்து வைத்தேன்.

பெட்டி ஆற்றுக்குப் போகிற அன்றைக்குக் காலையில் ஆண்கள் எல்லாரும் மேளத்துக்குப் பின்னால் போய்விட்டார்கள். தெருவே காலியாக இருந்தது. மருமகள் அவனுடைய பழைய வேலைப் பையிலிருந்து கம்பி அறுக்கிற ஆக்ஸா பிளேடை எடுத்துக்கொண்டு வந்து என் முன்னால் உட்கார்ந்தாள்.

"அத்தை, காயக் கொஞ்சம் புடிச்சிக்கோங்க."

"எதுக்கும்மா?"

"சுத்தி ஒரு கோடு போட்டு வெச்சா தொட்டதும் ஒடஞ்சிடும். மேல மஞ்சளப் பூசிட்டா தெரியாது. சாமி கண்ணுக்குத் தெரிஞ்சா தெரியட்டும். அதுக்கு நான் பதில் சொல்லிக்கறன்."

நான் பிடித்துக்கொண்டேன். அவள் மெல்ல மெல்ல இழுத்தாள். ஓட்டுத்தூள் அவள் மடியில் பழுப்பாக உதிர்ந்தது. சுற்றி முக்கால்வாசி வந்ததும் ஒரு இடத்தில் பிளேடு கொஞ்சம் ஆழமாக இறங்கிவிட்டது. இரண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்தோம். தண்ணி வரவில்லை. அவள் மஞ்சளைக் கெட்டியாகக் குழைத்துக் கோட்டில் அடைத்துப் பூசினாள். பார்ப்பதற்கு மற்றக் காய்களைவிட அழகாகத்தான் இருந்தது. அன்றைக்கு முதல் தடவையாக அவள் ஒரு வாய் சாப்பிட்டாள்.

வெயில் ஏறிய பிறகு பெட்டி திரும்பியது. என் மகன் பையன்களோடு வரிசையில் உட்கார்ந்தான். பக்கத்தில் இருந்தவர்கள் எல்லாம் மீசை அரும்புகிற பிள்ளைகள். நடுவில் இவன் ஒருவன்தான் நரைத்த தலை. சம்பந்தியும் வந்திருந்தார். கையைக் கட்டிக்கொண்டு வேப்பமரத்தடியில் நின்றார். நான் காயைக் கொண்டுபோய் மகன் மடியில் வைத்தேன். அவன் நிமிர்ந்து பார்த்து, "நல்ல காயா அவ்வா?" என்றான். தலையாட்டினேன்.

பூசாரிக்கு அருள் வர நேரமானது. வரிசை நீளம். எங்கள் பக்கம் வருவதற்குள் வெயில் நேராக இறங்கியது. மருமகள் என் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவள் பிடி திடீரென்று இறுகியது. நானும் பார்த்தேன். வெயிலில் காய்ந்திருந்த வேட்டி மகன் மடியில் மறுபடி நனைந்து, மஞ்சள் பரவிக்கொண்டிருந்தது. கோட்டில் அடைத்திருந்த மஞ்சள் வெயிலில் வெடித்து, ஆழமாக இறங்கின இடத்திலிருந்து காய் கசிந்தது.

பக்கத்தில் நின்ற ஒருவன்தான் முதலில் பார்த்தான். "ஏய், காய் பயத்துல ஒண்ணுக்கு வுட்டுடுச்சுடா!" என்றான். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். பூசாரி ஆட்டத்தை நிறுத்தி வந்தார். அவர் எனக்குக் கொழுந்தனார் முறை. காயை எடுத்துக் கட்டைவிரலால் மஞ்சளைத் துடைத்தார். கோடு தெரிந்தது.

"அண்ணி, என்னா இது?"

என் மகன் என்னைப் பார்த்தான், அப்புறம் அவன் பெண்டாட்டியைப் பார்த்தான். "சாமி, எனக்குத் தெரியாதுங்க. சத்தியமா எனக்குத் தெரியாதுங்க" என்றான்.

"பெங்களூர் மேஸ்திரியாச்சே. காயக்கூட அளவு போட்டு அறுத்துட்டான்" என்று கூட்டத்தில் ஒரு குரல். இன்னொருத்தர், "அடுத்த வருஷம் வெள்ளரிக்கா கொண்டாருவான்" என்றார். சிரிப்பு அடங்கவே இல்லை. சின்னவன் உள்ளே புகுந்து அண்ணன் தோளைப் பிடித்து, "போதும், எழுந்துக்கோண்ணா" என்றான். பெரியவன் அவன் கையை உதறினான்.

பூசாரி குனிந்து அவன் காதருகில் ஏதோ சொன்னார். எழுந்து போய்விடச் சொல்லியிருக்கிறார். அப்புறம் அவரே என்னிடம் சொன்னது இது. 'சாமி கோவிச்சிக்காது, உடம்புக்கு முடியாதவன், போயிடுப்பா' என்றாராம். என் மகன் வேப்பமரத்தடியில் சம்பந்தி நின்ற பக்கம் ஒரு தரம் பார்த்தான். அப்புறம் உரக்க, எல்லாருக்கும் கேட்கிற மாதிரி, "குவியல்ல இருந்து எடுத்து அடிங்க சாமி" என்றான்.

பெற்றவள் கொடுத்த காய் தள்ளுபடியாகிவிட்டால் பூசாரி கைக்கு எது வருகிறதோ அதுதான். ஆட்டிப் பார்க்க மாட்டார்கள். யாரோ குவியலிலிருந்து ஒன்றைத் தூக்கிக் கொடுத்தார்கள். தூரத்திலிருந்தே எனக்குத் தெரிந்தது. ஓடு வெளுத்த இளங்காய். நான் எடுத்திருந்தால் தொட்டவுடனே கீழே போட்டிருப்பேன். அது வேண்டாம் என்று சொல்ல இரண்டு அடி முன்னால் போனேன். மேளம் எழுந்துவிட்டது. என் குரல் எனக்கே கேட்கவில்லை.

முதல் அடியில் காய் எகிறிப்போய் மண்ணில் விழுந்தது. எடுத்துவந்து கொடுத்தார்கள். இரண்டாவது அடியிலும் உடையவில்லை. என் மகன் கண்ணை மூடிக்கொண்டு கழுத்தை நிமிர்த்தி வைத்திருந்தான். மருமகள் என் தோளில் முகத்தை வைத்து அழுத்திக்கொண்டாள். மூன்றாவது அடியில் உடைந்தது. தண்ணி அவன் முகத்தில் வழிந்தது. கூட்டம் ஓ என்று கத்தியது. சற்று முன்னால் சிரித்தவர்கள்தான் ஓடிவந்து அவனைத் தூக்கினார்கள். சம்பந்தி வந்து கட்டிக்கொண்டு, "இப்ப சரிங்க சம்பந்தி. நீங்களே தாரை வாத்துக் குடுங்க" என்றார்.

அவன் நடந்தே வீட்டுக்கு வந்தான். தலையில் மஞ்சள் அப்பி, அங்கங்கே சிவப்பு. "பாத்தியா அவ்வா, ஒண்ணும் ஆவல" என்றான். பெண்டாட்டியோடு மட்டும் பேசவில்லை. மறுநாள் அதுவும் சரியாகி, "ஆக்ஸா பிளேடு, தண்ணி கொண்டா" என்று அவளைக் கூப்பிட ஆரம்பித்தான். அவளும் சிரித்தாள். கல்யாணப் பத்திரிகையில் அவன் பெயர் முதலில் அச்சாகி வந்தது. அதை எல்லார் வீட்டுக்கும் அவனே கொண்டுபோய்க் கொடுத்தான். அந்தக் கொஞ்ச நாள் அவன் இருந்த மாதிரி அதற்கு முன்னால் அவன் இருந்து நான் பார்த்ததில்லை.

ஆடி முடிகிற சமயத்தில் மண்டியிலிருந்து ஒருவர் வந்தார். "என்னம்மா உங்க பையன், பழத்தையும் காயையும் ஒண்ணா ஒரே பிளாஸ்டிக் கிரேட்ல போட்டுட்டுப் போறாரு. ரெண்டு நாளா இப்படித்தான். கேட்டா சிரிக்கறாரு" என்றார். அன்று மாலை அவன் டீ டம்ளரை வாங்கினான். பிடிக்காமலே கையை விட்டான். கீழே கொட்டிய டீயை வேறு யாரோ கொட்டினது போலப் பார்த்தான். அடுத்த நாள் காலையில் எழுப்பினால் கண்ணைத் திறந்தான், பேச்சு வரவில்லை.

ஆஸ்பத்திரியில் டாக்டர், "தலையில என்ன அடி?" என்று கேட்டார். மருமகள், "கீழ வுழுந்துட்டாருங்க" என்றாள். அவர் முடியை ஒதுக்கிப் பார்த்தார். மஞ்சள் கறை இன்னும் போகவில்லை. "தேங்காயா?" என்றார். திட்டுவார் என்று நினைத்தேன். திட்டவில்லை. திட்டியிருந்தால் கொஞ்சம் நம்பிக்கை இருந்திருக்கும் என்று அப்புறம் தோன்றியது. பழைய இடத்திலேயே ரத்தம் கொஞ்சம் கொஞ்சமாகக் கசிந்து கட்டிவிட்டது என்றார். மறுபடியும் திறந்தார்கள். உயிர் தங்கியது. வலது கையும் பேச்சும் போனது. ஆள் அடையாளம் தெரிகிறதா என்று கேட்டதற்கு, "போகப் போகப் பாக்கலாம்" என்றார்கள். எந்தப் பக்கம் போகப் போக என்று கேட்க எங்களுக்குத் தெரியவில்லை.

கல்யாணத்தைத் தள்ளிப்போடலாம் என்று பேத்தி அழுதாள். சின்னவன் சம்பந்தியிடம் போய்க் கேட்டான். முன்னால் சொன்னபடி தானே தாரை வார்ப்பதாகவும் சொன்னான். பத்திரிகை எல்லார் வீட்டுக்கும் போய்விட்டது, தள்ளிப்போட முடியாது என்றார் சம்பந்தி. அவர் கெட்டவர் இல்லை, கண் கலங்கினார். ஆனாலும், "அது எப்படிங்க? வாங்கினவரு உசிரோட இருக்கும்போது இன்னொருத்தர் கை வெச்சா செல்லாதுங்களே. அவரு வாங்கலைன்னா பரவால்ல. வாங்கிட்டாரே" என்றார். எங்கள் வழக்கம் அப்படித்தான்.

மண்டபத்துக்கு அவனை வேனில் படுக்கவைத்துக் கொண்டுபோனோம். புது வேட்டி, புதுச் சட்டை. பிளாஸ்டிக் நாற்காலியோடு தூக்கி மேடையில் வைத்தார்கள். நான் தாலி இல்லாதவள், மேடைக்குப் போகக் கூடாது. கீழே நாற்காலிகளுக்குப் பின்னால் நின்று பார்த்தேன். சொம்பை அவன் கையில் வைத்து, சின்னவன் தன் கையைக் கீழே முட்டுக்கொடுத்தான். எல்லாருக்கும் அது சின்னவன் கை என்று தெரியும், யாரும் சொல்லவில்லை. சொம்பு சாய்ந்தது. பெண்ணும் மாப்பிள்ளையும் கையை நீட்டிக்கொண்டிருக்க, தண்ணி அவர்கள் கைமேல் விழாமல் பக்கத்தில் போய்ப் பாயை நனைத்தது. இன்னொரு தரம் முயன்றார்கள். அப்போதும் அப்படித்தான். பூசாரி அவசரமாக, "ஆச்சு, ஆச்சு, மேளம்" என்றார்.

கெட்டிமேளம் கொட்டியது. எல்லாரும் அட்சதையைத் தூவினார்கள். அரிசி மேலே வந்து விழுந்ததும் என் மகன் இடது கையைத் தூக்கி உச்சந்தலையைப் பொத்திக்கொண்டான். கழுத்தைத் தோளுக்குள் இழுத்து, கண்ணை இறுக்கி மூடிக்கொண்டான். அட்சதை நிற்கும் வரை எடுக்கவில்லை. தூவிக்கொண்டிருந்த சிலர் பார்த்துவிட்டுக் கையை அப்படியே நிறுத்திக்கொண்டார்கள். பின்வரிசையில் இருந்தவர்களுக்குத் தெரியாது, அவர்கள் தூவிக்கொண்டே இருந்தார்கள்.

பேத்தி இப்போது காரிமங்கலத்தில் நன்றாகத்தான் இருக்கிறாள். தினமும் சாயங்காலம் போனில் முகம் காட்டிப் பேசுவாள். மருமகள் போனை அவன் முகத்துக்கு நேராகப் பிடிப்பாள்.

"அப்பா, நான்தாம்ப்பா. சாப்பிட்டியா? என்னைத் தெரியுதா?"

அவன் சத்தம் வருகிற பக்கம் ஒரு தரம் பார்ப்பான். அப்புறம் சுவரைப் பார்ப்பான்.

"தெரியுதாம்மா அவருக்கு?" என்று அவள் கேட்பாள்.

"தெரியாம என்னா. தலையாட்டறாரு பாரு" என்று மருமகள் சொல்வாள். போனைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டு, அங்கே என்ன குழம்பு என்று கேட்பாள். நான் பக்கத்தில்தான் உட்கார்ந்திருப்பேன். அவன் ஒரு நாளும் தலையாட்டினதில்லை.